சென்னைக்கும் டர்பனுக்கும் வராத கோப்பை

இந்தியாவும் தென்னாப்பிரிக்காவும் டெஸ்ட் தொடர் ஆடினால், ஜெயிக்கிற அணிக்கு ஃப்ரீடம் டிராபி என்ற கோப்பையைக் கொடுக்கிறார்கள். தொடருக்குப் பெயர் காந்தி–மண்டேலா தொடர். ஆஷஸ் எல்லாருக்கும் தெரியும். பார்டர்–கவாஸ்கர் கோப்பை என்றால் சின்னப் பையன்கூட வரலாறு சொல்வான். இந்தக் கோப்பையைப் பற்றிப் பேச்செடுத்தால், கிரிக்கெட்டில் ஊறிப்போன நண்பர்களே “அப்படி ஒன்று இருக்கிறதா?” என்கிறார்கள். ஊரில் இருக்கும் சித்தப்பா பையன் கேட்டால் பரவாயில்லை. நான் வேலை பார்ப்பது தென்னாப்பிரிக்காவின் டர்பனில், துறைமுகத்தில் சரக்கு ஏற்றி அனுப்பும் ஒரு கம்பெனியில். இந்த ஊரிலேயே பாதிப் பேருக்கு இது தெரியவில்லை என்பதுதான் எனக்கு ஆறவே இல்லை. ஏனென்றால் அந்தக் கோப்பையின் இரண்டு பெயர்களும் ஒன்றோடொன்று சேர்ந்த இடம் இந்த ஊர்தான். சேர்த்து வைத்ததில் பெரும் பங்கு நம் ஆட்களுக்கு உண்டு.

2015-ல் இரண்டு கிரிக்கெட் வாரியங்களும் சேர்ந்து இந்தப் பெயரை வைத்தன. அந்தச் சுற்றுப்பயணத்தின் முதல் ஆட்டமே காந்தி ஜெயந்தி அன்று, தரம்சாலாவில். அதிலிருந்து 2025 நவம்பர் வரை ஆறு தொடர்கள் நடந்திருக்கின்றன. 2015-ல் இந்தியா 3-0. 2018-ல் தென்னாப்பிரிக்கா 2-1. 2019-ல் மறுபடி இந்தியா 3-0. 2021-22-ல் தென்னாப்பிரிக்கா 2-1. 2023-24-ல் ஆளுக்கு ஒன்று. கடைசியாக 2025-ல், இந்திய மண்ணிலேயே தென்னாப்பிரிக்கா 2-0.

மொத்தம் 17 டெஸ்ட். இந்தியாவில் ஒன்பது: மொஹாலி, பெங்களூரு, நாக்பூர், டெல்லி, விசாகப்பட்டினம், புனே, ராஞ்சி, கொல்கத்தா, குவாஹாட்டி. ஒன்பது டெஸ்டுக்கு ஒன்பது ஊர்கள், அதில் சென்னை இல்லை. தென்னாப்பிரிக்காவில் எட்டு: கேப்டவுனில் மூன்று, செஞ்சூரியனில் மூன்று, ஜோகன்னஸ்பர்கில் இரண்டு. டர்பன் இல்லை.

இது எனக்கு ஏன் இவ்வளவு உறுத்துகிறது என்று சொல்ல, கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

1860 அக்டோபரில் மெட்ராஸ் துறைமுகத்திலிருந்து ட்ரூரோ என்ற கப்பல் கிளம்பியது. நவம்பர் 16 அன்று டர்பனுக்கு வந்து சேர்ந்தது. அதில் 342 பேர். டர்பன் இருக்கும் நேட்டால் பகுதியின் கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாக வந்த முதல் கூட்டம் அவர்கள்தான். அதன்பின் 1911 வரை கப்பல் கப்பலாக வந்தவர்கள் ஒன்றரை லட்சத்துக்கும் மேல். அவர்களில் பெரும்பான்மையோர் மெட்ராஸ் வழியாக ஏறியவர்கள், தமிழும் தெலுங்கும் பேசியவர்கள். இன்றைக்கும் சென்னையிலிருந்து வரும் கன்டெய்னர்களின் தாள்களை நான் மேஜையில் புரட்டிக்கொண்டுதான் இருக்கிறேன். அதே வழி, அதே இரண்டு துறைமுகங்கள்.

காந்தி இங்கே வந்தது 1893-ல், ஒரு குஜராத்தி வியாபாரியின் வழக்குக்காக. வந்தபோது அவர் வியாபாரிகளின் வக்கீல். அவரை வேறு ஆளாக மாற்றியதில் பாலசுந்தரம் என்ற தமிழருக்கு ஒரு இடம் உண்டு. முதலாளி அடித்ததில் முன்பற்கள் உடைந்து, வாயில் ரத்தத்தோடு, தலைப்பாகையைக் கழற்றிக் கையில் பிடித்தபடி 1894-ல் காந்தியின் அலுவலகத்துக்குள் வந்து நின்றவர். வெள்ளைக்காரர் முன்னால் தலைப்பாகையைக் கழற்ற வேண்டும் என்று பழக்கி வைத்திருந்தார்கள். அந்தப் பழக்கத்தில் காந்தியின் முன்னாலும் கழற்றிவிட்டார். முதலில் அதைக் கட்டிக்கொள்ளச் சொன்னார் காந்தி. பிறகு வழக்கை எடுத்து, அவரை வேறொரு முதலாளியிடம் மாற்றிவிட்டார். அந்தச் செய்தி தோட்டம் தோட்டமாகப் பரவியது. நமக்காகப் பேச ஒருவர் இருக்கிறார் என்று கூலிகளுக்குத் தெரிந்தது அதன் பிறகுதான். அதே வருடம்தான் டர்பனில் நேட்டால் இந்திய காங்கிரஸ் தொடங்கியது.

அப்புறம் 1913. ஒப்பந்தம் முடிந்தும் இங்கேயே தங்கியவர்கள் தலைக்கு மூன்று பவுண்டு கட்ட வேண்டும் என்ற வரி. பக்கத்து மாகாணமான டிரான்ஸ்வாலிலிருந்து பெண்கள், பெரும்பாலும் தமிழ்ப் பெண்கள், நியூகாசில் நிலக்கரிச் சுரங்கங்களுக்குப் போய் வேலையை நிறுத்தச் சொல்லிப் பேசினார்கள். சுரங்கத் தொழிலாளிகள் வெளியே வந்தார்கள். இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் காந்தியோடு டிரான்ஸ்வால் எல்லையை நோக்கி நடந்தார்கள். காந்தியோடு தோள் கொடுத்து நின்ற தம்பி நாயுடு இல்லாமல் அந்தப் போராட்டம் இல்லை. தில்லையாடி வள்ளியம்மை மாரிட்ஸ்பர்க் சிறையில் காய்ச்சலோடு கிடந்து, வெளியே வந்த கொஞ்ச நாளில், 1914 பிப்ரவரி 22 அன்று பதினாறு வயதில் இறந்தாள். அதற்கு முன்பே நாகப்பனும் நாராயணசாமியும் காந்தியின் சத்தியாகிரகத்தில் உயிரை விட்டிருந்தார்கள். அந்த வருடமே வரி ரத்தானது. ஜூலையில் காந்தி கப்பல் ஏறினார். இந்தியா கண்ட காந்தியைச் செய்து அனுப்பியது இந்த மண்ணும் இந்த மக்களும்தான் என்று நான் எந்த மேடையிலும் சொல்வேன்.

மண்டேலாவின் பெயர் இதில் எங்கே சேர்கிறது? காந்தி போன பிறகு அவர் தொடங்கியது நின்றுவிடவில்லை. 1946-ல் இந்தியர்கள் நிலம் வாங்குவதைக் கட்டுப்படுத்திய சட்டத்தை எதிர்த்து டர்பனில் இந்தியர்கள் மறுபடி சத்தியாகிரகம் செய்தார்கள். முன்னால் நின்றவர் டாக்டர் ஜி. எம். நாயக்கர். டர்பன் தமிழர். பட்டதாரிகளும் கடைக்காரர்களும் வீட்டுப் பெண்களும் வரிசையாகச் சிறைக்குப் போவதை அப்போது இளைஞராக இருந்த மண்டேலா பார்த்தார். அது தன்னை எப்படிப் பாதித்தது என்று அவரே பின்னாளில் எழுதியிருக்கிறார். 1947-ல் நாயக்கர், டிரான்ஸ்வால் இந்தியர்களின் தலைவர் தாதூ, மண்டேலாவின் கட்சியான ஆப்பிரிக்கத் தேசிய காங்கிரஸின் தலைவர் சூமா ஆகிய மூன்று டாக்டர்களும் சேர்ந்து உழைப்பதாகக் கையெழுத்திட்டார்கள். 1952-ல் அநியாயச் சட்டங்களை மீறும் இயக்கம் நாடு முழுவதும் நடந்தபோது தொண்டர்களின் தலைவர் மண்டேலா.

டர்பனுக்கு வடக்கே இனாண்டா என்று ஒரு பகுதி. காந்தி 1904-ல் தொடங்கிய ஃபீனிக்ஸ் குடியிருப்பு அங்கேதான். அதன் பக்கத்திலேயே ஜான் டூபே கட்டிய ஓஷ்லாங்கே பள்ளிக்கூடம். ஆப்பிரிக்கத் தேசிய காங்கிரஸின் முதல் தலைவர் டூபே, அவர் கல்லறையும் அங்கேயே இருக்கிறது. 1994 ஏப்ரல் 27 அன்று தன் வாழ்நாளின் முதல் ஓட்டைப் போட நாட்டில் எந்த ஊரை வேண்டுமானாலும் மண்டேலா தேர்ந்தெடுத்திருக்கலாம். தேர்ந்தெடுத்தது ஓஷ்லாங்கேயை. ஊரிலிருந்து வரும் விருந்தாளிகளை நான் கடற்கரைக்குக் கூட்டிப்போவதற்கு முன் இங்கே கூட்டிப்போவேன். காந்தியின் வீட்டையும் மண்டேலா ஓட்டுப் போட்ட பள்ளியையும் ஒரே காலையில் பார்த்துவிடலாம். டர்பனின் கிரிக்கெட் மைதானமான கிங்ஸ்மீடிலிருந்து காரில் போனால் அதிக நேரம் ஆகாது. காந்தி–மண்டேலா என்று பெயர் வைத்த தொடருக்கு இதைவிடப் பொருத்தமான மைதானம் உலகத்தில் வேறு உண்டா?

சரி, கிரிக்கெட்டுக்கு வருகிறேன்.

எங்கள் தெரு டர்பனில் இந்தியர்கள் அதிகம் வாழும் சாட்ஸ்வொர்த்தில். எதிர்வீட்டுத் தாத்தாவுக்கு எண்பது தாண்டிவிட்டது. கேட்டோ மேனரில் பிறந்தவர். 1960-களில் இந்தப் பகுதி வெள்ளையருக்கு என்று சொல்லி அவர்கள் குடும்பத்தை அங்கிருந்து கிளப்பி இங்கே கொண்டுவந்து போட்டார்கள். சின்ன வயதில் கரீஸ் ஃபவுன்டன் மைதானத்தில் கிளப் கிரிக்கெட் ஆடியவர், ஆஃப் ஸ்பின்னர். நம் ஆட்கள் கிரிக்கெட் ஆடவில்லை என்று யாராவது சொன்னால் அவருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். 1951-லேயே தாதாபாய் டிராபி என்று ஒன்று இருந்தது. அதில் இந்தியர் ஓர் அணி, மலாய்க்காரர் ஓர் அணி, கலப்பினத்தார் ஓர் அணி, ஆப்பிரிக்கர் ஓர் அணி என்று ஆடினார்கள். நாட்டை எப்படிப் பிரித்து வைத்திருந்தார்களோ அப்படியே அணிகளையும் பிரித்திருந்தார்கள். அப்புறம் இதெல்லாம் வேண்டாம், எல்லாரும் கலந்தே ஆடுவோம் என்று அவர்களே முடிவு செய்தார்கள். இயல்பில்லாத சமூகத்தில் இயல்பான விளையாட்டு கிடையாது என்பதுதான் அந்தக் காலத்தில் அவர்கள் உயர்த்திப் பிடித்த கோஷம். வெள்ளையர் அணியில் ஓர் இடம் கொடுத்தாலும் வேண்டாம் என்று சொல்லித் தங்கள் ஆட்ட வயதையே விட்டுக்கொடுத்தவர்கள் அவர்கள்.

அந்த விலையை இந்தியாவும் கொடுத்திருக்கிறது. தென்னாப்பிரிக்காவோடு வணிகத்தை முதன்முதலில் முறித்துக்கொண்ட நாடு இந்தியா, 1946-ல். 1974-ல் டேவிஸ் கோப்பை டென்னிஸ் இறுதிப் போட்டிக்கு இந்தியா வந்தது. எதிரணி தென்னாப்பிரிக்கா. ஆட மாட்டோம் என்று இந்தியா விலகியது, கோப்பை தென்னாப்பிரிக்காவுக்குப் போனது. இந்தியாவுக்காக ஆடி அந்த இறுதிக்குக் கொண்டுவந்தவர்கள் விஜய், ஆனந்த் அமிர்தராஜ் சகோதரர்கள், சென்னைப் பையன்கள். அரிதாக வரும் வாய்ப்பு அது. ஃப்ரீடம் டிராபி என்ற பெயருக்குள் அந்த ஆடாத இறுதிப் போட்டியும் இருப்பதாகத்தான் நான் நினைக்கிறேன்.

நிறவெறிக்காக உலக கிரிக்கெட்டில் போட்டிருந்த தடை நீங்கி தென்னாப்பிரிக்கா முதலில் ஆடியது 1991 நவம்பர் 10 அன்று, கொல்கத்தா ஈடன் கார்டனில். அடுத்த வருடம் இந்தியா இங்கே வந்தது. முதல் டெஸ்ட் கிங்ஸ்மீடில், 1992 நவம்பர் 13 முதல் 17 வரை. ஆட்டத்தின் முதல் பந்திலேயே ஜிம்மி குக்கை கபில்தேவ் வீழ்த்தினார். டிவி ரீப்ளே பார்த்து அவுட் கொடுக்கப்பட்ட முதல் ஆட்டக்காரர் என்று டெண்டுல்கர் பெயர் எழுதப்பட்டதும் அந்த டெஸ்டில்தான். பிரவீண் ஆம்ரே அறிமுக ஆட்டத்திலேயே சதம் போட்டார். இதெல்லாம் எல்லாரும் எழுதிவிட்டார்கள். யாரும் எழுதாத ஒன்று உண்டு. ட்ரூரோ வந்து சேர்ந்த நவம்பர் 16 அந்த ஐந்து நாட்களுக்குள் விழுந்தது. அந்தக் கப்பலில் வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் கிங்ஸ்மீடுக்குள் எந்த வேலியும் இல்லாமல், விரும்பிய இடத்தில் உட்கார்ந்து இந்தியா ஆடுவதைப் பார்த்தார்கள். தாத்தாவும் போயிருந்தார். அதற்கு முன்பு அவர்களுக்கென்று ஒதுக்கிய மூலையில்தான் உட்கார முடியும். அங்கே உட்கார்ந்துகொண்டு, யார் வந்தாலும் வெளியூர் அணிக்குத்தான் கைதட்டுவார்களாம்.

அந்தப் பழக்கம் இன்னும் சிலரைத் துரத்துகிறது. இந்தியா ஆட வந்தால் இங்கே ஒவ்வொரு தமிழ்க் குடும்பத்திலும் ஒரு விவாதம் நடக்கும். நீ யார் பக்கம்? இந்தியக் கொடியைத் தூக்கினால் வெளியில் இருப்பவர்கள் முகம் சுளிப்பார்கள். இவ்வளவு தலைமுறைக்குப் பிறகும் இந்த நாட்டை உன் நாடாக நினைக்கவில்லையா என்பார்கள். கேள்வி நியாயமாகத் தோன்றலாம். ஆனால் தென்னாப்பிரிக்க அணி என்று ஒன்று அவர்களை வெளியே தள்ளி வைத்திருந்த காலத்தில் பழகிய விசுவாசம் அது. சும்மா ஒரு வருடத்தில் மாறிவிடாது. மாறுவதற்கு ஏதாவது நடக்க வேண்டும்.

நடந்தது. 2015-ல் முதல் காந்தி–மண்டேலா டெஸ்ட் தொடருக்கு இந்தியா போன தென்னாப்பிரிக்க அணிக்குக் கேப்டன் ஹாஷிம் ஆம்லா. டர்பனில் பிறந்தவர், குஜராத்திலிருந்து வந்த குடும்பம். காந்தியை இங்கே வரவழைத்த குஜராத்திகளின் வழியில் வந்த ஒருவர் காந்தியின் பெயருள்ள தொடரில் மண்டேலாவின் நாட்டுக்குத் தலைமை தாங்கினார். தொடரில் மோசமாகத் தோற்றார்கள், அது வேறு விஷயம். அஸ்வின் நான்கு டெஸ்டில் 31 விக்கெட் எடுத்து அவர்களைச் சுருட்டிவிட்டார். ஆனால் டெல்லியில் கடைசி இன்னிங்ஸில் ஆம்லா 244 பந்துகள் நின்று 25 ரன் எடுத்தார். டி வில்லியர்ஸ் 297 பந்தில் 43. மொத்த அணியும் 143.1 ஓவர் ஆடி 143 ரன். ஜெயிக்க வழியில்லை, தோற்காமல் இருக்கலாம் என்று அப்படி நின்றார்கள். இந்தக் கோப்பைக்காக ஆடியதில் என் மனதில் நிற்கும் இன்னிங்ஸ்களில் அது ஒன்று. சதங்கள் பல மறந்துவிட்டன.

இன்னொன்று செனுரன் முத்துசாமியுடையது. அவரைப் பற்றித்தான் நிறையச் சொல்ல வேண்டும்.

டர்பனில் பிறந்து, இங்கேயே பள்ளியும் பல்கலைக்கழகமும் படித்த பையன். தமிழ்நாட்டில் வேர் உள்ள குடும்பம். பிறந்தது 1994 பிப்ரவரி 22, வள்ளியம்மை இறந்து சரியாக எண்பது வருடம் கழித்து. மண்டேலா ஓட்டுப் போடுவதற்கு இரண்டு மாதம் முன்பு. இது தற்செயல்தான், இருந்தாலும் முதலில் கவனித்தபோது எனக்கு மெய் சிலிர்த்தது. 2019-ல் விசாகப்பட்டினத்தில், இதே கோப்பைக்கான தொடரில் அறிமுகமானார். இடது கை சுழல். முதல் டெஸ்ட் விக்கெட்டாக விராட் கோலியைத் தன் பந்திலேயே கேட்ச் பிடித்து அனுப்பினார். இரண்டு இன்னிங்ஸிலும் அவுட் ஆகாமல் 33, 49. அடுத்த டெஸ்டோடு வெளியே உட்கார வைத்துவிட்டார்கள். அதன்பின் பல வருடம் எப்போதாவது ஒரு டெஸ்ட். மற்றவராக இருந்தால் கவுன்டி கிரிக்கெட், டி20 என்று வேறு பக்கம் போயிருப்பார். இவர் உள்ளூர் ஆட்டங்களில் போட்டுக்கொண்டே இருந்தார். 2025 அக்டோபரில் லாகூரில் ஒரே டெஸ்டில் 11 விக்கெட், அடுத்து ராவல்பிண்டியில் ஆட்டமிழக்காமல் 89, தொடர் நாயகன் விருது. அப்படியும் இந்தியா போனபோது கொல்கத்தா டெஸ்டில் இடம் இல்லை.

அந்தக் கொல்கத்தா டெஸ்ட் மூன்றே நாளில் முடிந்தது. 124 ரன் எடுத்தால் வெற்றி என்ற நிலையில் இந்தியா 93-க்குச் சுருண்டது. அந்த நாள் நவம்பர் 16, ஞாயிற்றுக்கிழமை. ட்ரூரோ வந்த நாள். அன்று காலை இங்கே முன்னோர்களுக்காக வைத்திருந்த பூஜைக்குப் போய்விட்டு வந்து ஸ்கோரைப் பார்த்தேன்.

அடுத்த டெஸ்ட் குவாஹாட்டியில். அங்கே சீக்கிரம் இருட்டிவிடும் என்பதால் ஆட்டத்தைக் காலை ஒன்பதுக்கே தொடங்கினார்கள். முதலில் டீ இடைவேளை, அப்புறம்தான் மதியச் சாப்பாடு. இங்கே கணக்குக்கு அதிகாலை ஐந்தரை. இரண்டாம் நாள் ஞாயிறு. முந்தைய நாள் முடிவில் முத்துசாமி 25-ல் நின்றிருந்தார், அணி 247-க்கு 6. தாத்தா வீட்டில் விளக்கு எரிவதைப் பார்த்து நானும் போய் உட்கார்ந்தேன்.

தாத்தா டிவி ஸ்கோரை நம்ப மாட்டார். பேத்தியின் பள்ளி நோட்டு ஒன்றில் பென்சிலால் அவரே ஸ்கோர் எழுதுவார். ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு, ஆட்டக்காரர் பெயருக்கு ஒரு வரி, ரன் எடுக்காத பந்துக்கு ஒரு புள்ளி. வெரைன் முத்துசாமியோடு நின்று நின்று ஆடியதில் புள்ளிகளாகவே போய்க்கொண்டிருந்தது. வெரைன் போன பிறகு மார்கோ யான்சன் வந்து அடிக்க ஆரம்பித்தார். யான்சன் வரியில் ஆறும் நாலும். பக்கத்திலேயே முத்துசாமி வரி நிறைந்து நோட்டின் ஓரத்தைத் தொட்டுவிட்டது. தாத்தா கொஞ்சம் யோசித்து, கீழே இருந்த கேஷவ் மகராஜின் காலி வரியில் ஒரு அம்புக்குறி போட்டுத் தொடர்ந்தார். “கேஷவுக்கு இடம் வேண்டாமா தாத்தா?” என்றேன். “அவனுக்கு வேற பக்கம் இருக்கு தம்பி. இவனை நடுவுல வெட்டக்கூடாது” என்றார்.

சதம் வந்தபோது வீட்டுக்குள் பார்த்துக் குரல் கொடுத்தார். “எழுந்து வாடி, நம்ம பையன் நூறு அடிச்சிட்டான்!” பேத்திக்குத் தமிழ் அவ்வளவாக வராது, ஆனால் அது புரிந்தது. தலையைக்கூட வாராமல் ஓடிவந்தாள். பிறகு மகள், மருமகன், பக்கத்து வீட்டு ஜூலு அம்மா என்று கூடிவிட்டார்கள். 206 பந்தில் 109 எடுத்து முத்துசாமி அவுட் ஆனபோது அறையில் பாதிப் பேர் நின்றுகொண்டிருந்தார்கள். தென்னாப்பிரிக்கா 489. யான்சன் 93, பிறகு பந்தில் ஆறு விக்கெட். கடைசியில் 408 ரன் வித்தியாசத்தில் வெற்றி. ரன் கணக்கில் இந்தியா கண்ட மிகப் பெரிய தோல்வி அது. இந்திய மண்ணில் தென்னாப்பிரிக்கா தொடரை வென்றது 2000-க்குப் பிறகு முதல் முறை.

அந்த ஆட்டத்தில் இந்தியப் பக்கம் வாஷிங்டன் சுந்தரும் சாய் சுதர்சனும் இருந்தார்கள். சென்னைக்காரர்கள். முதல் இன்னிங்ஸில் இந்தியா சரிந்தபோது சுந்தர் 48 எடுத்துத் தாங்கினார். கடைசி நாளில் சுதர்சன் 139 பந்துகள் கல் மாதிரி நின்றார், ரன் 14தான். டெல்லி ஆம்லாவின் வழி. அவரை ஒருவழியாக எடுத்தது யார் என்று நினைக்கிறீர்கள்? முத்துசாமி. மெட்ராஸில் கப்பல் ஏறியவர்களின் வாரிசு ஒரு பக்கம், ஏறாதவர்களின் வாரிசு மறு பக்கம். வேறு எந்த இரண்டு நாட்டுக் கோப்பையிலும் இப்படி ஒரு ஸ்கோர் வரி வராது.

தாத்தாவிடம் அன்று நான் கேட்கவில்லை, அவராகவே சொன்னார். வாழ்நாளில் இந்தியா தோற்றதற்கு முதல்முறையாகச் சந்தோஷப்படுகிறாராம்.

இப்போது என் கோரிக்கைக்கு வருகிறேன். சென்னையையும் டர்பனையும் விட்டதற்கு வாரியங்களிடம் காரணங்கள் இருக்கும் என்பது எனக்குத் தெரியும். தென்னாப்பிரிக்கா இந்தியாவுக்குப் போவது அக்டோபர், நவம்பர், டிசம்பரில். அது சென்னையில் வடகிழக்குப் பருவமழைக் காலம். சேப்பாக்கத்தில் அப்போது டெஸ்ட் வைப்பது வானத்தைப் பார்த்துக்கொண்டு உட்காருவதுதான். அப்படியென்றால் தொடரை ஜனவரி, பிப்ரவரிக்குத் தள்ளுங்கள். பொங்கல் டெஸ்ட் என்று சேப்பாக்கத்துக்கு ஒரு பழைய வழக்கமே உண்டு. இங்கே டர்பனிலும் மழையும் மங்கலான வெளிச்சமும் டெஸ்டுகளைக் கெடுத்திருக்கின்றன. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் டெஸ்ட் செஞ்சூரியனுக்குப் போய்விட்டது, புத்தாண்டு டெஸ்ட் கேப்டவுனுக்கு. கூட்டம் வருவதில்லை என்றும் ஒரு காரணம் சொல்வார்கள். இந்தியா கிங்ஸ்மீடில் கடைசியாக டெஸ்ட் ஆடியது 2013 டிசம்பரில். மண்டேலா இறந்து மூன்று வாரம்தான் ஆகியிருந்தது, ஜாக் காலிஸின் கடைசி டெஸ்ட், அவர் சதம் அடித்தார். அதற்குப் பிறகு டெஸ்ட் ஆட இந்தியாவை இங்கே கொண்டுவரவே இல்லை. கொண்டுவராத ஆட்டத்துக்குக் கூட்டம் எப்படி வரும்? டி20-க்கு இந்தியா வந்தால் இதே கிங்ஸ்மீடில் டிக்கெட்டுக்குச் சிபாரிசு தேடுகிறோம்.

இதைவிட எனக்கு வருத்தம் தருவது டெஸ்டுகளின் எண்ணிக்கை. நாலில் தொடங்கியது, மூன்றானது, இப்போது இரண்டு. 2024 ஜனவரியில் கேப்டவுன் டெஸ்ட் மொத்தம் 642 பந்துகளில் முடிந்தது. முடிவு கண்ட டெஸ்டுகளிலேயே மிகக் குறுகியது அது. தொடர் 1-1. யார் சிறந்த அணி என்று முடிவு செய்ய மூன்றாவது டெஸ்ட் இல்லை, எல்லாரும் விமானம் ஏறிவிட்டார்கள். ஆஸ்திரேலியாவோடும் இங்கிலாந்தோடும் ஐந்து ஆட நேரம் கிடைக்கிற இந்தியாவுக்குக் காந்தி பெயர் போட்ட தொடருக்கு மூன்று கிடைக்காதா? கோப்பையில் பெயரைப் பொறித்து விட்டால் மரியாதை முடிந்ததா? பெயர் பெரியது, அதற்கு இடமும் நாளும் கொடுக்க வேண்டும்.

அடுத்த முறை இந்தியா இங்கே வரும்போது மூன்று டெஸ்ட் வேண்டும், முதல் டெஸ்ட் கிங்ஸ்மீடில் வேண்டும். முடிந்தால் நவம்பர் 16-ஐ ஒட்டி. சாட்ஸ்வொர்த், ஃபீனிக்ஸ், உம்லாசி, குவாமாஷு பள்ளிப் பிள்ளைகளை பஸ் வைத்து இலவசமாகக் கொண்டுவந்து உட்கார வையுங்கள். ஆட்டத்துக்கு முந்தின நாள் இரண்டு அணிகளையும் இனாண்டாவுக்குக் கூட்டிப்போங்கள். காந்தியின் வீட்டுக்கு ஒரு மணி நேரம், ஓஷ்லாங்கேக்கு ஒரு மணி நேரம், போதும். மாகாண கிரிக்கெட் சங்கத்துக்கு இதையெல்லாம் எழுதிக் கடிதம் போட்டிருக்கிறேன். நகலைத் தாத்தாவிடம் படித்துக் காட்டினேன். பஸ் விஷயம், தேதி விஷயம் எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். புல்மேட்டில் குடும்பங்களுக்கு இடம் ஒதுக்க வேண்டும் என்று எழுதியிருந்த இடத்தில் மட்டும் நிறுத்தினார். “புல்மேடு உங்களுக்கு. எனக்குப் பெவிலியன்ல, நடுவுல, கூரைக்குக் கீழே ஒரு சீட்டு. அதையும் எழுது” என்றார். எழுதிச் சேர்த்து அனுப்பினேன்.